மக்கள் மன்றங்களின் கதை – 14: பிரபுக்கள் பணிந்த இரவு

1832-இல் பிரிட்டிஷ் மன்னர் நான்காம் வில்லியம் ஒரு மிரட்டலுக்குச் சம்மதம் தந்ததோடு சென்ற அத்தியாயம் முடிந்தது. தேர்தல் சீர்திருத்த மசோதாவைப் பிரபுக்கள் சபை இனியும் மறித்தால், மசோதாவை ஆதரிக்கும் புதிய பிரபுக்களை வேண்டிய அளவுக்கு நியமித்து உள்ளே அனுப்புவோம் என்பதே அந்த மிரட்டல். நியமிக்கத் தேவையே வரவில்லை. பிரபுக்கள் பலர் ஒதுங்கிக்கொள்ள, மசோதா நிறைவேறியது. ஆனால் அவர்கள் சபையின் அதிகாரத்தில் துரும்பும் குறையவில்லை. காமன்ஸ் சபை அனுப்பும் எந்த மசோதாவையும், எத்தனை முறை வந்தாலும், திருப்பியடிக்கும் உரிமை அப்படியே இருந்தது. அந்த உரிமை போக இன்னும் 79 ஆண்டுகள் பிடித்தன. அது எப்படிப் போனது என்பதுதான் இந்த வாரக் கதை.

எழுதப்படாத ஒரு வரம்பு

வரி விஷயத்தில் மட்டும் பிரபுக்களுக்கு ஒரு கட்டுப்பாடு இருந்தது. மக்கள் தரும் பணத்தைப் பற்றி முடிவெடுக்க வேண்டியவர்கள் மக்கள் தேர்ந்தெடுத்தவர்களே என்று காமன்ஸ் சபை 1671-லும் 1678-லும் தீர்மானம் போட்டது. அதன்படி வரி மசோதாவில் பிரபுக்கள் ஒரு காசைக்கூடத் திருத்தக் கூடாது. சரி, திருத்தக் கூடாது. ஆனால் மொத்தமாக நிராகரிக்கலாமா? அதைப் பற்றி யாரும் எதையும் எழுதி வைக்கவில்லை.

இந்த ஓட்டையை 1860-இல் பிரபுக்கள் பயன்படுத்திப் பார்த்தார்கள். காகிதத்தின் மீதிருந்த வரியை நீக்க நிதியமைச்சர் கிளாட்ஸ்டன் கொண்டுவந்த மசோதாவைத் தள்ளினார்கள். காகித வரி போனால் பத்திரிகைகள் விலை மலிந்து சாமானியன் கைக்குப் போய்விடும் என்ற கவலை அவர்களில் பலருக்கு. கிளாட்ஸ்டன் சண்டைக்குப் போகவில்லை. மறு ஆண்டு, அரசின் எல்லா வரிகளையும் ஒரே மசோதாவாகக் கட்டி அனுப்பினார். காகித வரி நீக்கமும் அதற்குள் இருந்தது. ஒன்றைத் தள்ள வேண்டுமானால் அந்த ஆண்டு அரசாங்கத்தின் மொத்த வருமானத்தையுமே தள்ள வேண்டும். அந்த அளவுக்குப் போகப் பிரபுக்களுக்குத் துணிச்சல் வரவில்லை, மசோதா நிறைவேறியது. ஒரு நாட்டின் பட்ஜெட் முழுவதும் ஒரே நிதி மசோதாவாக வரும் இன்றைய நடைமுறைக்கு இந்தத் தந்திரம்தான் வேர்.

ஆக, முழு பட்ஜெட்டையும் நிராகரிக்கக் கூடாது என்று சட்டம் எதுவும் இல்லை. நிராகரித்ததில்லை என்ற வழக்கம் மட்டும் இருந்தது. பிரிட்டிஷ் அரசியலமைப்பே இப்படிப்பட்ட வழக்கங்களின் மேல்தான் நின்றது. எல்லோரும் மதிக்கும்வரை வழக்கம் சட்டத்தைவிட உறுதியானது.

பால்ஃபரின் நாய்

1906 தேர்தலில் லிபரல் கட்சி அள்ளிக்கொண்டு வந்தது. 670 இடங்களில் சுமார் 400 அவர்களுக்கு. அதுவரை பிரதமராக இருந்த கன்சர்வேடிவ் தலைவர் ஆர்தர் பால்ஃபர் தன் சொந்தத் தொகுதியான கிழக்கு மான்செஸ்டரிலேயே தோற்றார். ஆனாலும் அவர் கலங்கவில்லை. ஆட்சியில் இருந்தாலும் இல்லாவிட்டாலும் இந்தப் பேரரசின் தலைவிதி தங்கள் கட்சியின் கையில்தான் இருக்கும் என்று பேசினார். அது வெறும் வீறாப்பு இல்லை. அறுநூறுக்கு மேற்பட்ட பிரபுக்களில் மிகப் பெரும்பான்மையினர் அவர் கட்சிக்காரர்கள். அப்பன் இருந்த நாற்காலியில் மகன் உட்காரும் சபைக்குத் தேர்தல் ஏது, தோல்வி ஏது?

வேலை உடனே தொடங்கியது. 1906-இல் கல்வி மசோதாவை உருத்தெரியாமல் திருத்திச் சாகடித்தார்கள். பல ஊர்களில் சொத்து வைத்திருப்பவர் பல ஓட்டுப் போடும் சலுகையை ஒழிக்கும் மசோதாவை அதே ஆண்டு தள்ளினார்கள். 1908-இல் சாராயக் கடை உரிமங்களைக் குறைக்கும் மசோதா வந்தபோது, சபையில் விவாதம் நடக்கும் முன்பே, லண்டனில் தங்கள் தலைவர் லான்ஸ்டவுன் பிரபுவின் மாளிகையில் கூடி அதன் கதையை முடித்துவிட்டார்கள். இந்த லான்ஸ்டவுன் யாரென்று நம் வாசகர்களுக்குத் தெரிந்திருக்கும். 1888 முதல் 1894 வரை இந்தியாவின் வைஸ்ராய்.

1907-இல் காமன்ஸ் சபையில் பிரபுக்களின் இந்த மறிப்பைப் பற்றி விவாதம் நடந்தது. பிரபுக்கள் சபை அரசியலமைப்பின் காவல் நாய் என்று கன்சர்வேடிவ்கள் பெருமைப்பட்டார்கள். லிபரல் அமைச்சர் டேவிட் லாயிட் ஜார்ஜ் எழுந்தார். அது காவல் நாய் அல்ல, பால்ஃபர் வளர்க்கும் மடி நாய். அவர் கைகாட்டுபவரைக் கடிக்கும், எறிந்ததை எடுத்து வரும் என்றார். சபை சிரித்தது. அடுத்த ஆண்டு அவரே நிதியமைச்சர் ஆனார்.

நாலரை மணி நேர பட்ஜெட்

லாயிட் ஜார்ஜ் வேல்ஸ் கிராமத்தில் செருப்புத் தைக்கும் தாய்மாமன் வீட்டில் வளர்ந்தவர். அவர் நிதிப் பொறுப்பை ஏற்றபோது கஜானா இரண்டு பக்கமும் இழுபட்டுக்கொண்டிருந்தது. 1909 ஜனவரி 1 முதல் 70 வயது கடந்த ஏழைகளுக்கு வாரம் 5 ஷில்லிங் முதியோர் உதவித்தொகை, தபால் நிலையம் மூலம் கொடுக்கத் தொடங்கியிருந்தார்கள். இன்னொரு பக்கம் ஜெர்மனியோடு கடற்படைப் போட்டி. 'டிரெட்நாட்' வகைப் போர்க்கப்பல்கள் எட்டு வேண்டும் என்று ஊரெல்லாம் கூச்சல். இரண்டும் சேர்ந்து ஒன்றரைக் கோடி பவுண்டுக்கு மேல் துண்டு விழுந்தது.

1909 ஏப்ரல் 29 அன்று அவர் பட்ஜெட்டைப் படிக்கத் தொடங்கினார். நாலரை மணி நேரம். நடுவில் குரல் கம்மிப்போனதால் அரை மணி நேரம் சபையை ஒத்திவைத்து மீண்டும் தொடர்ந்தார். பேச்சு சுவையாக இல்லை. உள்ளடக்கம் குண்டாக இருந்தது. ஆண்டுக்கு 5,000 பவுண்டுக்கு மேல் வருமானம் உள்ளவர்களுக்குக் கூடுதல் வரி. இறந்தவர் சொத்தின் மீதான வரி உயர்வு. புகையிலைக்கும் சாராயத்துக்கும் வரி உயர்வு. பெட்ரோலுக்கும் மோட்டார் காருக்கும்கூட வரி.

இவற்றையெல்லாம் பிரபுக்கள் முணுமுணுத்துக்கொண்டே விழுங்கியிருப்பார்கள். தொண்டையில் சிக்கியது நில வரி. நிலச் சொந்தக்காரர் விரலை அசைக்காமலே, பக்கத்தில் ஊர் வளர்ந்ததால் மட்டும் நிலத்தின் விலை ஏறினால், அந்த ஏற்றத்தில் நூற்றுக்கு 20 பங்கு அரசுக்கு. விற்கும்போதோ, சொந்தக்காரர் இறக்கும்போதோ இதைக் கட்ட வேண்டும். இதிலிருந்து வரக்கூடிய தொகை ஒன்றும் பிரமாதமில்லை. ஆனால் ஏற்றத்தைக் கணக்கிட வேண்டுமானால் இன்றைய விலை தெரிய வேண்டும். அதற்கு நாட்டின் ஒவ்வொரு துண்டு நிலத்தையும் அரசு அதிகாரி வந்து அளந்து மதிப்புப் போட வேண்டும். யாரிடம் எவ்வளவு இருக்கிறது என்பது ஏட்டில் ஏறிவிடும். பரம்பரை நிலக்கிழார்களின் தூக்கத்தைக் கெடுத்தது அந்த ஏடுதான்.

லாயிட் ஜார்ஜ் சும்மா இருக்கவில்லை. அக்டோபரில் நியூகாசில் நகரில் பேசியபோது, ஒரு டியூக்கைச் சகல பரிவாரங்களோடும் கட்டிக் காக்க இரண்டு டிரெட்நாட் கப்பலுக்கு ஆகும் செலவு ஆகிறது என்றார். வேலையற்றோர் கூட்டத்திலிருந்து குருட்டாம்போக்கில் பொறுக்கியெடுத்தது போன்ற 500 பேர், பல லட்சம் உழைப்பாளிகளின் தீர்ப்பைத் தள்ளிவைக்கலாமா என்று கேட்டார். கோபத்தில் அவர்கள் தவறு செய்தால் நல்லது என்று அவர் கணக்குப் போட்டிருந்தால், கணக்குப் பிசகவில்லை.

காமன்ஸ் சபை நவம்பர் 4 அன்று 379-க்கு 149 என்ற வாக்கில் நிதி மசோதாவை நிறைவேற்றியது. நவம்பர் 30 அன்று பிரபுக்கள் சபையில் வாக்கெடுப்பு. நாட்டு மக்களின் தீர்ப்பைக் கேட்காமல் இதற்குச் சம்மதிக்க இயலாது என்பது லான்ஸ்டவுன் கொண்டுவந்த தீர்மானம். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் அதன் பொருள், எந்த அரசாங்கத்தையும் எப்போது வேண்டுமானாலும் பணத்தை நிறுத்தித் தேர்தலுக்குத் தள்ளும் உரிமை தங்களுக்கு உண்டு என்பதே. பழுத்த கன்சர்வேடிவ்கள் சிலரே எச்சரித்தும் கேட்கவில்லை. பட்ஜெட்டுக்கு எதிராக 350, ஆதரவாக 75.

இரண்டே நாளில் பிரதமர் அஸ்குவித் காமன்ஸ் சபையில் பதில் தீர்மானம் கொண்டுவந்தார். பிரபுக்கள் செய்தது அரசியலமைப்பை மீறிய செயல், காமன்ஸ் சபையின் உரிமையைப் பறித்த செயல். 349-க்கு 134 வாக்கில் அது நிறைவேறியது. தேர்தல் வந்தது.

ஓராண்டில் இரண்டு தேர்தல்

1910 ஜனவரித் தேர்தல் யாருக்கும் முழு வெற்றியைத் தரவில்லை. லிபரல்களுக்குக் கன்சர்வேடிவ்களைவிட இரண்டே இடம் அதிகம். ஆட்சி நிற்க வேண்டுமானால் தொழிற்கட்சியும், ஜான் ரெட்மண்ட் தலைமையிலான அயர்லாந்து தேசியவாதிகளும் தயவு வைக்க வேண்டும். ரெட்மண்டுக்கு பட்ஜெட் பெரிதல்ல. அயர்லாந்துக்குத் தன்னாட்சி தரும் மசோதாவை 1893-இல் பிரபுக்கள் கொன்றதை அவர் மறக்கவில்லை. முதலில் அவர்கள் கையிலுள்ள தடையை உடை, பிறகு பட்ஜெட்டுக்கு ஆதரவு என்றார். சிறுபான்மை அரசைத் தாங்கி நிற்கும் சிறு கட்சிகள் என்ன விலை கேட்கும், எவ்வளவு கிடைக்கும் என்பதைப் பின்னாளில் டெல்லி பார்த்தது. லண்டன் அப்போதே பார்த்துவிட்டது.

தேர்தல் தீர்ப்பு வந்துவிட்டதால் 1910 ஏப்ரல் 28 அன்று பட்ஜெட்டைப் பிரபுக்கள் வாக்கெடுப்பே இல்லாமல் விட்டுவிட்டார்கள். ஆனால் காரியம் அதைத் தாண்டிப் போயிருந்தது. பிரபுக்களின் அதிகாரத்தைக் குறைக்கும் நாடாளுமன்ற மசோதா இரண்டு வாரம் முன்பே காமன்ஸ் சபைக்கு வந்துவிட்டது. மே 6 அன்று மன்னர் ஏழாம் எட்வர்ட் காலமானார். அரியணை ஏறிய ஐந்தாம் ஜார்ஜுக்கு அனுபவம் போதாது. இரு கட்சித் தலைவர்களும் மாதக்கணக்கில் ரகசியமாகக் கூடிப் பேசியும் முடிவு வரவில்லை. நவம்பரில் அஸ்குவித் மன்னரிடம் போனார். இன்னொரு தேர்தல் வைத்து வென்று வந்தால், தேவைப்படும் அளவுக்குப் புதிய பிரபுக்களை நியமிக்க வாக்குத் தர வேண்டும். மன்னர் மனமில்லாமல் தந்தார். வெளியே சொல்லக் கூடாது என்பது ஏற்பாடு.

டிசம்பர் தேர்தலும் ஜனவரியைப் போலவே முடிந்தது. கூட்டணியின் பலம் மாறவில்லை. 1911 மே மாதம் மசோதா காமன்ஸ் சபையைத் தாண்டியது. பிரபுக்கள் அதைத் திருத்தித் திருத்திப் பல்லைப் பிடுங்கினார்கள். ஜூலை 20 அன்று மன்னரின் வாக்குறுதியைக் கடிதம் மூலம் அஸ்குவித் எதிர்க்கட்சித் தலைவர்களிடம் போட்டுடைத்தார். நான்கு நாள் கழித்து அவர் காமன்ஸ் சபையில் பேச எழுந்தபோது, துரோகி என்று கூச்சலிட்டு அரை மணி நேரம் பேசவிடாமல் அடித்தார்கள். அவர் நின்றுகொண்டேயிருந்தும், வார்த்தை எதுவும் கேட்கவில்லை. சபாநாயகர் சபையை ஒத்திவைத்தார். கண்ணியத்தின் தொட்டில் என்று நமக்குப் பாடம் சொல்லப்பட்ட சபைதான் அது.

ஆகஸ்ட் 10

அந்தக் கோடையில் இங்கிலாந்து வெந்தது. ஆகஸ்ட் 9 அன்று கிரீனிச்சில் வெப்பம் 100 டிகிரி பாரன்ஹீட்டைத் தொட்டது. மறுநாள் இரவு பிரபுக்கள் சபையில் இறுதி வாக்கெடுப்பு.

கன்சர்வேடிவ் பிரபுக்கள் இரண்டாகப் பிரிந்து நின்றார்கள். ஒரு கூட்டம் கடைசி அகழிவரை நின்று மடிவோம் என்றது. அதன் தலைவர் ஹால்ஸ்பரி பிரபுவுக்கு அப்போது 87 வயது. அந்தக் கூட்டத்தில் ஒரு காலத்தில் சென்னைப் படையின் தளபதியாக இருந்த ராபர்ட்ஸ் பிரபுவும் இருந்தார். இன்னொரு கூட்டம், நானூறு ஐந்நூறு புதுப் பிரபுக்கள் உள்ளே வந்தால் சபையின் மானமே போய்விடும், வாக்களிக்காமல் ஒதுங்குவோம் என்றது. லான்ஸ்டவுன் இப்போது இந்தப் பக்கம். அவரோடு முன்னாள் வைஸ்ராய் கர்சன். தொடக்கத்தில் வீரம் பேசிய கர்சன், வங்கத்தைப் பிரித்த அதே பிடிவாதத்தோடு இப்போது பிரபுக்களை வீடு வீடாக வளைத்துக்கொண்டிருந்தார்.

அஸ்குவித் கையில் ஒரு பட்டியல் தயாராக இருந்தது. நாவலாசிரியர் தாமஸ் ஹார்டி, நாடகாசிரியர் ஜே.எம். பாரி, தத்துவ அறிஞர் பெர்ட்ரண்ட் ரஸ்ஸல், சாரணர் இயக்கத் தந்தை பேடன் பவல் என்று அதில் பெயர்கள். அன்று வாக்கெடுப்பு மறுபக்கம் சாய்ந்திருந்தால் இவர்கள் பிரபுக்கள் ஆகியிருப்பார்கள்.

இருந்தும் பலர் மன்னரின் வாக்குறுதியை நம்பவில்லை. வெற்று மிரட்டல் என்றார்கள். அப்போது அரசின் சார்பில் மோர்லி எழுந்தார். இந்தியாவுக்கு மிண்டோ-மோர்லி சீர்திருத்தம் தந்த அதே மோர்லி. மசோதா தோற்றால், வேறெந்தக் கட்சிச் சேர்க்கையும் மீண்டும் தோற்கடிக்க முடியாத எண்ணிக்கையில் பிரபுக்களை நியமிக்க மன்னர் சம்மதிப்பார் என்ற அறிக்கையைப் படித்தார். இன்னொரு முறை படியுங்கள் என்று கேட்டார்கள். படித்தார். இன்று எனக்கு எதிராக விழும் ஒவ்வொரு வாக்கும் புதிய பிரபுக்களுக்கு ஆதரவான வாக்கு என்று சேர்த்துச் சொன்னார்.

வாக்கெடுப்பு மணி அடித்தது. சம்மதம் என்போர் ஒரு வழி, சம்மதமில்லை என்போர் மறு வழி. எந்தப் பக்கம் ஜெயிக்கும் என்று உள்ளே போனவர்களுக்கே தெரியவில்லை. எண்ணி முடித்தபோது மசோதாவுக்கு ஆதரவாக 131, எதிராக 114. பதினேழே வாக்கு வித்தியாசம். காப்பாற்றியவர்கள் லிபரல்கள் அல்ல. 13 ஆயர்களும், பல்லைக் கடித்துக்கொண்டு வாக்களித்த 37 கன்சர்வேடிவ் பிரபுக்களும் சேர்ந்து தங்கள் சபையின் அதிகாரத்தைத் தாங்களே வெட்டிக்கொண்டார்கள்.

அதே நாளில் காமன்ஸ் சபை இன்னொரு காரியம் செய்தது. உறுப்பினர்களுக்கு ஆண்டுக்கு 400 பவுண்டு சம்பளம் என்று தீர்மானித்தது. அதுவரை கையில் காசுள்ளவனோ, தொழிற்சங்கம் சோறு போடுபவனோதான் அங்கே உட்கார முடியும். மேலவையை முடக்கிய நாளில்தான் கீழவையின் கதவு கூலிக்காரன் மகனுக்குத் திறந்தது.

சட்டம் சொன்னது என்ன?

1911 நாடாளுமன்றச் சட்டம் சிறியது. பண மசோதாவைப் பிரபுக்கள் ஒரு மாதத்துக்குள் திருத்தமின்றி ஏற்காவிட்டால், அவர்கள் இல்லாமலே அது மன்னரிடம் போகும். எது பண மசோதா என்று சான்றிதழ் தருபவர் காமன்ஸ் சபாநாயகர். மற்ற மசோதாக்கள் அடுத்தடுத்து மூன்று கூட்டத்தொடர்களில், இரண்டு ஆண்டு இடைவெளியோடு காமன்ஸில் நிறைவேறினால் போதும். பிரபுக்களால் தாமதிக்க முடியும், தடுக்க முடியாது. நாடாளுமன்றத்தின் ஆயுள் ஏழு ஆண்டிலிருந்து ஐந்தாகக் குறைந்தது. அந்த ஐந்தை நீட்டிக்கும் மசோதாவுக்கு மட்டும் பிரபுக்களின் சம்மதம் கட்டாயம் வேண்டும்.

தாமதம் என்றால் சும்மா இல்லை. அயர்லாந்து தன்னாட்சி மசோதா 1912-இல் வந்து, பிரபுக்களின் மறிப்பைக் கடந்து சட்டமாக 1914 செப்டம்பர் ஆனது. இடைப்பட்ட காலத்தில் அயர்லாந்தின் வடபகுதியான அல்ஸ்டரில் எதிர்ப்பாளர்கள் துப்பாக்கி இறக்குமதி செய்து படை திரட்டிவிட்டார்கள். உலகப் போரும் வந்தது. சட்டம் பெட்டிக்குள் போனது. ஆயுளை ஐந்தாண்டாகக் குறைத்த அதே நாடாளுமன்றம், போரைக் காட்டித் தன் ஆயுளைத் தானே நீட்டிக்கொண்டு 1918 வரை எட்டு ஆண்டு உட்கார்ந்திருந்தது. 1949-இல் இரண்டு ஆண்டுத் தாமதம் ஒன்றாகக் குறைந்தது. 1999-இல் 92 பேரைத் தவிர பரம்பரைப் பிரபுக்கள் எல்லோரும் வெளியேற்றப்பட்டார்கள்.

இந்தச் சட்டத்தின் சாயலை நம் அரசியலமைப்பில் பார்க்கலாம். பண மசோதாவை மாநிலங்களவை 14 நாளுக்கு மேல் வைத்திருக்க முடியாது. அது பரிந்துரைக்கும் திருத்தங்களை மக்களவை ஏற்கலாம், தள்ளலாம் என்கிறது 109-ஆவது பிரிவு. எது பண மசோதா என்பதில் மக்களவைத் தலைவரின் முடிவே இறுதியானது என்கிறது 110. மக்களவையின் ஆயுளும் ஐந்தாண்டுதான். நெருக்கடி நிலையில் 42-ஆவது திருத்தம் அதை ஆறாக்கியது, 1978-இல் 44-ஆவது திருத்தம் மீண்டும் ஐந்தாக்கியது.

ஆனால் பிரிட்டனில் அந்தச் சான்றிதழைச் சபாநாயகர்கள் கஞ்சத்தனமாகவே கொடுத்தார்கள். ஆண்டுதோறும் வரும் நிதி மசோதாக்களே பல முறை பண மசோதா என்ற முத்திரை பெறவில்லை. இங்கே 2016-இல் ஆதார் மசோதாவே பண மசோதாவாக வந்தது. மாநிலங்களவை மார்ச் 16 அன்று சொன்ன திருத்தங்களை மக்களவை அன்றைக்கே தள்ளியது. 2018-இல் உச்ச நீதிமன்றம் நான்குக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் அதை ஏற்றது. மாறுபட்ட நீதிபதி சந்திரசூட், அது அரசியலமைப்பை ஏய்த்த செயல் என்று எழுதினார். 2019 நவம்பரில் இன்னொரு வழக்கில், எது பண மசோதா என்ற கேள்வியை இன்னும் பெரிய அமர்வு பார்க்கட்டும் என்று உச்ச நீதிமன்றம் அனுப்பியது.

பிரபுக்கள் சபையையும் மாநிலங்களவையையும் ஒரே தட்டில் வைக்க முடியாது. அங்கே அன்று இருந்தவர்கள் பெரும்பாலும் பிறப்பால் வந்தவர்கள்; இங்கே இருப்பவர்கள் பெரும்பாலும் சட்டமன்ற உறுப்பினர்கள் ஓட்டுப் போட்டு அனுப்பியவர்கள், மாநிலங்களின் குரலாக. பரம்பரைச் சீமான்களை அடக்கச் செய்த கருவியை மாநிலங்களின் சபை மேல் பிரயோகிக்கும்போது இருமடங்கு நிதானம் வேண்டும்.

1909-இல் பிரபுக்கள் எந்தச் சட்டத்தையும் மீறவில்லை. மீறியது ஒரு வழக்கத்தை மட்டும்தான். அதன் விலையாக, அதுவரை வழக்கமாக இருந்தது சட்டமாகி அவர்கள் கையைக் கட்டியது. அந்தச் சட்டமோ சபாநாயகர் என்ற ஒற்றை மனிதரின் நேர்மையை நம்பி எழுதப்பட்டது. அந்த நேர்மைக்கு எந்த நாட்டிலும் தனிச் சட்டம் கிடையாது. பலம் இருக்கும்போது நிறுத்திக்கொள்ளத் தெரியாத சபை, ஆளும் கட்சியின் சபையானாலும் எதிர்க்கட்சியின் சபையானாலும், கடைசியில் தன் அதிகாரத்தைத் தானே இழக்கும்.

(தொடரும்)